ராயபுரத்துப் பட்டறையில் ஒரு ரேஸ் இன்ஜின்

எனக்கு முதலில் தெரிந்ததெல்லாம் படகு இன்ஜின்தான். ராயபுரத்தில், மீன்பிடித் துறைமுகத்துக்குப் போகிற சாலையில் ஒரு போரிங் பட்டறை இருந்தது. தேய்ந்துபோன சிலிண்டரின் உட்சுவரைக் கடைந்து வழவழப்பாக்கி, அதற்குப் பொருந்துகிற புது பிஸ்டனைப் போட்டுக் கொடுப்பது அங்கே வேலை. ஐ.டி.ஐ.யில் டர்னர் படித்துவிட்டு இருபது வயதில் சேர்ந்தேன். பதினான்கு வருடம் கழித்து முதலாளி வயதாகிவிட்டது என்று ஒதுங்கியபோது, அதே இடத்தில் அதே மெஷின்களோடு நானே பட்டறையை நடத்தத் தொடங்கினேன்.

படகுக்காரர்கள் கனமான இன்ஜின் பிளாக்கைத் தோளில் தூக்கி வந்து வாசலில் இறக்குவார்கள். இறக்கியதும், "மேஸ்திரி இல்லியாம்மா?" என்பார்கள். "நான்தான் மேஸ்திரி" என்று சொன்னால் இன்னொரு தடவை உள்ளே எட்டிப் பார்ப்பார்கள். பிறகு பேசாமல் கொடுத்துவிட்டுப் போவார்கள். அடுத்த வருடம் அதே ஆள் வந்து, "அந்தம்மா கையில குடு" என்று கூட வந்தவனிடம் சொல்வார். இப்படியே பழகிவிட்டது. எனக்கும் அதில் கோபம் வந்ததில்லை.

என் வீட்டுக்காரர் துறைமுகத்துக்குக் கண்டெய்னர் ஏற்றிப் போகும் ட்ரெய்லர் ஓட்டுநர். எங்கள் வீடு திருவொற்றியூரில். எண்ணூர் சாலையில் ட்ரெய்லர்கள் வரிசை கட்டி நிற்கும்போது மணிக்கணக்கில் வண்டியிலேயே உட்கார்ந்திருப்பார். அதனால் அவருக்குப் பொறுமையும் அதிகம், கிண்டலும் அதிகம்.

எட்டு வருடங்களுக்கு முன்னால், மீன்பிடித் தடைக் காலம். படகெல்லாம் கரையில் நிற்கும். எல்லாரும் அப்போதுதான் இன்ஜினைப் பிரிப்பார்கள் என்பதால் எங்களுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது. அப்படி ஒரு பகலில் ஒரு பெண் நூற்றைம்பது சிசி பைக் ஒன்றைத் தள்ளிக்கொண்டு வந்து நின்றாள். வியாசர்பாடியிலிருந்து தள்ளியே வந்திருக்கிறாள். இருபத்திரண்டு வயதிருக்கும். சட்டை முழுக்க வேர்வை.

"க்கா, இன்ஜின் பூட்ச்சு. பிஸ்டன் ஒட்டிக்கினு கீதாம். நீங்கோ சரி பண்ணுவீங்கன்னு சொன்னாங்கோ."

"இன்னா பண்ண இந்த வண்டிய?"

"ரேஸ் ஓட்னேன்."

நான் கையிலிருந்த துணியைக் கீழே வைத்தேன். கடற்கரைச் சாலையில் ஞாயிற்றுக்கிழமை விழுந்து சாகிற பிள்ளைகளை நினைத்துக்கொண்டு, "ரோட்டுல ரேஸ் ஓட்ற வண்டி நான் தொட மாட்டேன். எடுத்துனு போ" என்றேன்.

"அய்ய, அத்தெல்லாம் இல்லக்கா. ஸ்ரீபெரும்புதூரு பக்கம் டிராக்கு கீதில்ல, அங்க. லைசென்ஸ் எடுத்து, சூட்டு மாட்டிகினு, எல்லாம் முறையாத்தான்."

"எத்தினியாவது வந்த?"

"கடைசி."

வெட்கமே இல்லாமல் சொன்னாள். பெண்களுக்கான புதுமுகப் பந்தயம் என்று ஒன்று நடந்திருக்கிறது. பார்சல் கொண்டுபோய்க் கொடுக்கும் கம்பெனியில் வேலை பார்க்கிறாள். தினமும் ஓட்டும் அதே பைக்கோடு போய் ஓட்டியிருக்கிறாள். வியாசர்பாடியில் பெண்கள் கால்பந்துக் குழுவில் கோல்கீப்பராம். அந்தக் குழுவே சேர்ந்து அவளுக்கு ஹெல்மெட் வாங்கிக் கொடுத்ததாம்.

"இன்னொரு ரேஸ் ரெண்டு மாசத்துல கீது. கடைசி வராத மாரி பண்ணிக் குடுங்கக்கா. அது போதும்."

ஜெயிக்க வேண்டும் என்று கேட்டிருந்தால் நான் மறுத்திருப்பேன். கடைசி வரக்கூடாது என்று கேட்டதால் ஒப்புக்கொண்டேன்.

படகு இன்ஜினும் பைக் இன்ஜினும் அடிப்படையில் ஒன்றுதான். காற்றும் எரிபொருளும் கலந்து உள்ளே போகிறது, வெடிக்கிறது, பிஸ்டனைத் தள்ளுகிறது. ஆனால் படகு இன்ஜின் எருமை மாதிரி நடக்கும். இது நிமிடத்துக்குப் பத்தாயிரம் சுற்று சுற்றும். சிலிண்டருக்குள் புது உறை செருகிப் பழைய அளவுக்கே கடைந்தபிறகு, அதன் மேல்மூடியான ஹெட்டுக்குள் காற்று நுழைகிற குழாய் மாதிரியான வழியை எட்டிப் பார்த்தேன். தொழிற்சாலையில் வார்த்தபோது விட்ட பிசிறும் மேடுகளும் அப்படியே இருந்தன. விரலை விட்டுத் தடவினால் சொரசொரவென்றது. காற்று இதற்குள் ஓடுவதற்கு எவ்வளவு பாடுபடும் என்று தோன்றியது. சின்னக் கிரைண்டரை எடுத்து மூன்று நாள் மெல்ல மெல்லத் தேய்த்தேன். பந்தய விதிப்புத்தகத்தை அவளிடமே வாங்கி, எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது என்று பக்கம் பக்கமாகப் படித்தேன். அந்த வழியைத் தேய்க்கலாம் என்று இருந்தது. சிலிண்டரின் அளவைப் பெரிதாக்கக்கூடாது என்று இருந்தது.

ஓட்டிப் பார்க்க இடம் வேண்டுமே. அதை என் வீட்டுக்காரர் ஏற்பாடு செய்தார். எண்ணூரில் காலிக் கண்டெய்னர்களை அடுக்கி வைக்கும் ஒரு யார்டு. ஞாயிற்றுக்கிழமை காலையில் அங்கே வேலை கிடையாது. மேற்பார்வையாளர் அவருடைய தோஸ்து. இரண்டு பக்கமும் கண்டெய்னர் சுவர், நடுவில் நேர்க்கோடாக சிமெண்ட் தரை. அந்தப் பெண் ஒரு முனையிலிருந்து முறுக்கிக்கொண்டு வந்தால் சத்தம் தகரத்தில் மோதி நான்கு பைக் வருகிற மாதிரி கேட்கும். கடல் காற்று குளிர்ச்சியாக அடிக்கும். நான் ஒரு கவிழ்த்த பக்கெட் மீது உட்கார்ந்து காதைத் தீட்டிக்கொண்டிருப்பேன். என் வீட்டுக்காரர் இட்லிப் பொட்டலத்தோடு நிழலில் நிற்பார்.

"சத்தம் சோக்கா கீதுமே" என்றார் முதல் நாளே. "வண்டி போவுதா இல்லியா, அது வேற விசயம்."

வண்டி போனது. அங்கே அவ்வளவு நன்றாகப் போனது.

பந்தயத்தன்று மூன்று பேரும் ஒரு குட்டியானை மினி லாரியில் பைக்கை ஏற்றிக்கொண்டு போனோம். அங்கே மற்றக் குழுக்களெல்லாம் பந்தல் போட்டு, ஒரே நிறத்தில் பனியன் அணிந்து, டூல் வைக்க அலமாரியெல்லாம் கொண்டுவந்திருந்தார்கள். நாங்கள் கோணியை விரித்து அதன்மேல் ஸ்பேனர்களை அடுக்கினோம். நுழைவுப் படிவத்தில் குழு உரிமையாளர் என்ற இடத்தில் என் பெயரை எழுதிக் கொடுத்தேன். மேசையில் இருந்தவர் அதைப் படித்துவிட்டு என் வீட்டுக்காரரைப் பார்த்து, "உங்க பேரை எழுதுங்க சார்" என்றார்.

"நான் டிரைவர் சார்" என்றார் இவர்.

மதியம் இரண்டு மணிக்குப் பந்தயம். வெயில் தார்மேல் கானல் ஓடுகிற அளவுக்கு. பதினொரு வண்டிகள். கொடி அசைந்ததும் எல்லாம் பாய்ந்தன. எங்கள் வண்டி மட்டும் இருமிக்கொண்டே கிளம்பியது. வளைவில் மெதுவாகி, மறுபடி முறுக்கினால் தொண்டையில் சோறு அடைத்த மாதிரி ஒரு சத்தம். ஆறு சுற்றும் அப்படித்தான் ஓடியது. என் காதுகள் சூடேறிவிட்டன. பட்டறையில் இத்தனை வருடத்தில் நான் கொடுத்த எந்த இன்ஜினும் அப்படி ஊரறிய இருமியதில்லை.

முடிவில் அவள் பத்தாவதாக வந்தாள். அவளுக்கு முன்னால் போன ஒரு வண்டிக்குச் செயின் அறுந்துவிட்டது.

ஹெல்மெட்டைக் கழற்றியதும் அவள் முகமெல்லாம் சிரிப்பு. "கடைசி வரல இல்லக்கா?"

"அந்த வண்டி செயின் அறுந்து நின்னுச்சுடி."

"அதுக்கு நான் இன்னா பண்றது? சொன்னது சொன்ன மாரி பண்ணிட்டீங்கோ."

கால்பந்துக் குழுவுக்குப் போன் போட்டு, கடைசி வரவில்லை என்று ஒவ்வொருத்தியிடமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். நான் ஸ்பார்க் பிளக்கைக் கழற்றிப் பார்த்தேன். நுனி அடுப்புக்கரி மாதிரி கறுத்திருந்தது. அப்போதுதான் புரிந்தது. கார்புரேட்டரில் ஜெட் என்று ஒரு குட்டிப் பித்தளைத் துண்டு உண்டு. அதன் நடுவே இருக்கும் ஊசித் துளை வழியாகத்தான் பெட்ரோல் போகும். எண்ணூரில் காலையில் கடற்காற்று குளிர்ந்து அடர்த்தியாக இருக்கும். அந்தக் காற்றுக்குச் சரியான பெரிய துளை ஜெட்டைப் போட்டிருந்தேன். இங்கே மதிய வெயிலில் காற்று சூடாகி மெலிந்துவிட்டது. காற்று குறைந்தது, பெட்ரோல் அப்படியே ஊற்றியது. இன்ஜின் மூச்சு முட்டியது. படகு இன்ஜினில் இந்தத் தொல்லையே கிடையாது. கடலில் எப்போதும் கடற்காற்றுதான்.

வரும் வழியெல்லாம் அந்தப் பிளக்கையே திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன். பூந்தமல்லி தாண்டியதும் என் வீட்டுக்காரர், "இன்னாமே, மூஞ்சிய இப்பிடி வெச்சிகினு கீற? அந்தப் பொண்ணே குஷியா கீது" என்றார்.

"அது குஷியா கீறதுதான் எனக்கு பேஜாரு" என்றேன்.

அடுத்த ஆறு மாதம் நான் அந்த இன்ஜினோடுதான் இருந்தேன். படகு வேலையும் நடந்தது, ஆனால் மனது இதில்தான். பத்து அளவு ஜெட்டுகள் வாங்கி, கம்மல் வாங்கியபோது நகைக்கடையில் கொடுத்த பட்டுத்துணி வைத்த பெட்டியில் அடுக்கினேன். யார்டில் காலையிலும் ஓட்டினோம், உச்சி வெயிலிலும் ஓட்டினோம். ஒவ்வொரு தடவையும் பிளக்கைக் கழற்றி நிறம் பார்த்தேன். பில்டர் காப்பி நிறம் வந்தால் சரி. பால் அதிகமானால் தவறு, டிகாக்ஷனாக இருந்தாலும் தவறு.

இன்னொன்றும் செய்தேன். அது எனக்குப் பெரிய யோசனையாகத் தெரியவில்லை, பழக்கத்தில் செய்தேன். பிஸ்டனுக்கும் சிலிண்டருக்கும் நடுவில் விடுகிற இடைவெளியைப் படகு இன்ஜினுக்குப் பார்க்கிற மாதிரி பார்த்தேன். படகு இன்ஜின் இரண்டு நாள் நிற்காமல் ஓடும். சூட்டில் பிஸ்டன் எவ்வளவு உப்பும் என்று கணக்குப் பார்த்து, உப்பினாலும் இறுகாமல், குளிர்ந்தாலும் தளராமல் விடவேண்டும். சிலிண்டர் சுவரில் எண்ணெய் தங்குவதற்கு மெல்லிய குறுக்குக் கோடுகளையும் கையாலேயே போட்டேன்.

அந்த வருடக் கடைசிப் பந்தயத்துக்குப் போனோம். இந்தத் தடவை கால்பந்துக் குழுவில் ஏழு பேர் மின்சார ரயிலிலும் பஸ்ஸிலும் மாறி மாறி வந்து சேர்ந்தார்கள். மதியம் வெயில் பார்த்து, பெட்டியைத் திறந்து, இரண்டு அளவு சின்ன ஜெட்டைப் போட்டேன்.

முதல் சுற்றில் அவள் ஐந்தாவது. மூன்றாம் சுற்றிலும் ஐந்தாவது. என் வீட்டுக்காரர் விரலை மடக்கி எண்ணிக்கொண்டிருந்தார். நான்காம் சுற்றில் முன்னால் போன வண்டிகளின் சத்தம் மாறியது எனக்குக் கேட்டது. சூட்டில் சோர்ந்து, குரல் கம்மிப்போகிற சத்தம். எங்கள் வண்டி முதல் சுற்றில் பாடிய அதே சுருதியில் பாடிக்கொண்டிருந்தது. ஐந்தாம் சுற்றில் இரண்டு பேரைத் தாண்டினாள். கடைசிச் சுற்றில் நேர்ப்பாதையில் மூன்றாவது ஆளை. கடைசி வளைவில், கோல்கீப்பர் பாய்கிற மாதிரி உடம்பை உள்ளே சாய்த்து, முதலில் போனவளையும் தாண்டிவிட்டாள்.

கால்பந்துக் குழு போட்ட கூச்சலில் ஒன்றும் கேட்கவில்லை. என் வீட்டுக்காரர் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தார். வேர்வைதான் என்றார்.

பத்து நிமிடத்தில் புகார் வந்தது. இரண்டாவதாக வந்த குழுவின் உரிமையாளர் கோயம்புத்தூர்க்காரர். வெள்ளைச் சட்டை, ஐம்பது வயதுக்கு மேல், பல வருடமாகப் பந்தயக் குழு வைத்திருப்பவர். கடைசிச் சுற்றில் அந்த வண்டி அப்படி ஓட முடியாது, சிலிண்டர் அளவு பெரிதாக்கப்பட்டிருக்கிறது என்று எழுதிக் கொடுத்தார். அப்படிப் புகார் வந்தால் இன்ஜினைப் பிரித்து அளந்தே ஆகவேண்டும். தொழில்நுட்ப அதிகாரி வந்தார். மூக்குக் கண்ணாடியைக் கயிற்றில் மாட்டிய மெலிந்த மனிதர். நேராக என் வீட்டுக்காரரிடம் போய், "சிலிண்டர்ல என்ன வேலை பண்ணியிருக்கீங்க?" என்றார்.

"நான் ட்ரெய்லர் ஓட்றவன் சார். அவுங்கள கேளுங்கோ."

அதிகாரி என்னைப் பார்த்தார். பிறகு, "பிரிங்க மேடம்" என்றார்.

பிரித்தேன். சுற்றிலும் இருபது பேர் நின்றார்கள். அந்த வேலையைத்தான் தினமும் செய்கிறேன். ஹெட்டைத் தூக்கியதும் அதிகாரியின் உதவியாளர் அளவுகோலைச் சிலிண்டருக்குள் விட்டார். முள்ளைப் பார்த்தார். இன்னொரு தடவை பார்த்தார்.

"அதிகமா இருக்கு சார். ரெண்டு பாயிண்ட்."

ஒரு மில்லிமீட்டரில் நூறில் இரண்டு பங்கு. முடியின் பருமன்கூட இல்லை. ஆனால் விதி விதிதான். எங்கள் பெண் என் பின்னால் நின்று என் தோளைப் பிடித்தாள். அவள் விரல்கள் அழுத்தியது இன்னும் ஞாபகம் இருக்கிறது. கோயம்புத்தூர்க்காரர் கைகட்டி நின்றார்.

நான் சிலிண்டரின்மேல் கையை வைத்தேன். சுட்டது.

"சார், இது இன்னும் சூடா இருக்கு. சூட்டுல சிலிண்டர் விரியும். ஆறினப்புறம் அளங்க."

உதவியாளர் என்னவோ சொல்ல வாயெடுத்தார். அதிகாரி கண்ணாடியைக் கழற்றி, தன் உள்ளங்கையைச் சிலிண்டரின்மேல் வைத்துப் பார்த்தார். "சரிதான். ஒரு மணி நேரம் யாரும் தொடாதீங்க" என்று சொல்லி, சிலிண்டருக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டுத் தானே உட்கார்ந்துவிட்டார்.

அந்த ஒரு மணி நேரம் நீண்ட மணி நேரம். என் வீட்டுக்காரர் தூக்குவாளியிலிருந்து எலுமிச்சை சாதத்தை எல்லாருக்கும் இலையில் போட்டுக் கொடுத்தார். அதிகாரிக்குக் கொடுத்தார். கோயம்புத்தூர்க்காரருக்கும் கொண்டுபோனார். அவர் வேண்டாம் என்றதற்கு, "புகார் வேற, சோறு வேற சார். சாப்பிடுங்கோ" என்றார். அவர் வாங்கிக்கொண்டார். என் பங்கை மட்டும் நான் மூடி வைத்துவிட்டேன். நான் போட்ட அளவு எனக்குத் தெரியும். இருந்தாலும் அன்று காலை வரை தெரிந்த எல்லாமே அந்த நேரத்தில் சந்தேகமாக இருந்தது.

மறுபடி அளந்தார்கள். அதிகாரியே அளந்தார். மூன்று இடத்தில், குறுக்கும் நெடுக்கும். பிறகு வால்வு, பிஸ்டன் ஓடும் தூரம் எல்லாவற்றையும் அளந்து தாளில் எழுதினார். "எல்லாம் விதிக்குள்ள இருக்கு" என்றார். தாளை மடித்துவிட்டு, சிலிண்டரைக் கையில் தூக்கி வெளிச்சத்தில் காட்டி, உள்ளே இருந்த குறுக்குக் கோடுகளைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "இதை எங்க போட்டீங்க?"

"ராயபுரத்துல சார். என் பட்டறையில."

கோப்பையை அவள் வாங்கியபோது நான் இன்ஜினைத் திரும்பப் பூட்டிக்கொண்டிருந்ததால் பார்க்கவில்லை. ஒரு பெண் சொந்தமாக இன்ஜின் செய்து சொந்தக் குழுவோடு அங்கே ஜெயித்தது அதுதான் முதல் தடவை என்று பின்னால் யாரோ சொன்னார்கள். எனக்குத் தெரியாது. அன்று எனக்குப் பசிதான் ஞாபகம். மிச்சமிருந்த எலுமிச்சை சாதம் முழுவதையும் தின்றேன்.

கிளம்பும் நேரத்தில் கோயம்புத்தூர்க்காரர் வந்தார். "தப்பா நினைச்சுக்காதீங்க. சந்தேகம் வந்துச்சுங்க, கேட்டுட்டேனுங்க."

"கேக்கறது உங்க உரிமைங்க."

"எங்க வண்டி நாலாவது ரவுண்டுலயே சோர்ந்து போகுதுங்க. உங்க வண்டி எப்படிங்க கடைசி வரைக்கும் அப்படியே வருது?"

"படகு இன்ஜின் நடுக்கடல்ல நிக்கக்கூடாதுங்க. அந்தப் பழக்கம்தான்."

அவர் சிரித்தார். இரண்டு வாரத்தில் கோயம்புத்தூரிலிருந்து பார்சல் பஸ்ஸில் இரண்டு சிலிண்டர்கள் வந்தன. மேலே ஒட்டியிருந்த தாளில், "படகு மாதிரி பண்ணிக் கொடுங்க" என்று எழுதியிருந்தது. அவரைப் பார்த்து இன்னும் மூன்று குழுக்கள் அனுப்பின. இப்படித்தான் பட்டறையில் ஒரு பக்கம் படகு, ஒரு பக்கம் பந்தயம் என்றாகிவிட்டது. மீன் வாடையோடு ரேஸ் ஆயில் வாடையும் சேர்ந்து வரும்.

புகழ் கொஞ்சம் தலைக்கு ஏறியதையும் சொல்லிவிட வேண்டும். அதற்கடுத்த இரண்டு வருடத்தில் எங்கள் இன்ஜினை இன்னும் வேகமாக்குகிறேன் என்று அந்தக் காற்று வழியைக் குடைந்துகொண்டே போனேன். சக்தி அளக்கும் மெஷின் வைத்திருந்த ஒரு கடையில் கொண்டுபோய் வைத்தால் எண் ஏறிக்கொண்டே வந்தது. எண்ணைப் பார்த்து எனக்கு ஒரே மகிழ்ச்சி. ஆனால் பந்தயத்தில் நான்காவது, ஐந்தாவது என்றே வந்துகொண்டிருந்தாள்.

"க்கா, வளைவுலேந்து வெளிய வரசொல்லோ தூக்கி அடிக்குதுக்கா" என்பாள்.

"உன் கை முரட்டுக் கை. மெதுவா முறுக்கு" என்பேன்.

அடுத்த பந்தயத்திலும் அதையே சொன்னாள். நானும் அதையே சொன்னேன். ஒரு பயிற்சி நாளில் நடு சுற்றில் உள்ளே வந்து, வண்டியை நிறுத்தி, கையுறைகளைக் கழற்றி என் மடியில் போட்டாள்.

"நீயே ஒரு தபா ஓட்டிப் பாரு. அப்பால பேசு."

என்னை அவள் ஒருமையில் பேசியது அதுதான் முதல் தடவை. எனக்குச் சுருக்கென்றது. நான் தினமும் பைக்கில்தான் பட்டறைக்கு வருகிறேன், ஆனால் திருவொற்றியூரிலிருந்து ராயபுரம் வரை ட்ரெய்லர்களுக்கு நடுவில் ஊர்ந்து வருவது ஓட்டுவதாகுமா? இருந்தும் வீம்பு விடவில்லை. கோயம்புத்தூர்க் குழுவிடம் ஒரு சூட் கடன் வாங்கினேன். கை நீளம், இடுப்பு இறுக்கம். ஜிப் போட இரண்டு பேர் உதவி செய்தார்கள்.

முதல் சுற்று மெதுவாகப் போனேன். இரண்டாம் சுற்றில் ஒரு வளைவு முடிந்து நேர்ப்பாதை தொடங்கும் இடத்தில் முறுக்கினேன். ஒன்றும் வரவில்லை. இன்னும் முறுக்கினேன். ஒன்றும் இல்லை. திடீரென்று எல்லாம் ஒரே நேரத்தில் வந்தது. பின் சக்கரம் பக்கவாட்டில் வழுக்கி, திரும்பப் பிடித்து, என்னை ஒரு முழம் மேலே தூக்கிப் போட்டது. எப்படி விழாமல் இருந்தேன் என்று இன்றும் தெரியாது. மீதிப் பாதையைப் பால்காரர் மாதிரி ஓட்டிக்கொண்டு வந்து சேர்ந்தேன்.

"இன்னாமே, நடுவுல நாஸ்தா துன்ட்டு வந்தியா?" என்றார் என் வீட்டுக்காரர்.

நான் ஹெல்மெட்டைக் கழற்றினேன். அவளிடம் போய், "ரெண்டு வருசம் இதுலயா ஓட்டுன?" என்றேன்.

"ஆமா."

"ஏன்டி இன்னும் சத்தமா சொல்லல?"

"இதுக்கு மேல எப்பிடிக்கா சத்தமா சொல்றது?"

வழியை அகலமாகக் குடைந்துவிட்டால் குறைந்த வேகத்தில் காற்று சோம்பிவிடும். அது எனக்குத் தெரியாததல்ல. எண்ணைப் பார்த்த சந்தோஷத்தில் மறந்திருந்தேன். குடைந்த அலுமினியத்தைத் திரும்ப ஒட்ட முடியாது. புது ஹெட் ஒன்றை எடுத்து, முதல் வருடம் செய்ததைவிடக் கொஞ்சம்தான் கூடுதலாகத் தேய்த்தேன். மெஷினில் வைத்துப் பார்த்தபோது எண் இறங்கியிருந்தது. தடத்தில் சுற்றுக்கு ஒரு விநாடிக்கும் மேல் மிச்சமானது. அந்த வருட முடிவில் மொத்தப் புள்ளிகளில் அவள் இரண்டாவது இடம். மேடையிலிருந்து இறங்கியதும், "முரட்டுக் கைக்கா" என்று கையை நீட்டிக் காட்டினாள். கைகொடுத்தேன்.

இப்போது எங்கள் குழுவில் மூன்று பெண்கள் ஓட்டுகிறார்கள். வியாசர்பாடிக்காரி போன வருடம் வரை ஓட்டினாள். இப்போது அதே தடத்தில் புதியவர்களுக்கு ஓட்டக் கற்றுக்கொடுக்கிற வேலையில் இருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் யார்டுக்கு வந்து என்னோடு சண்டை போடுவாள். என் வீட்டுக்காரர் ட்ரெய்லரை விட்டுவிட்டு, பைக்குகளை ஏற்றிப்போகும் எங்கள் வண்டியை ஓட்டுகிறார். பந்தல், பனியன் எல்லாம் வந்துவிட்டது. ஸ்பேனர் மட்டும் இன்னும் கோணியில்தான். எனக்கு அதுதான் கைக்கு எட்டுகிறது.

ஒவ்வொரு பந்தயத்துக்கும் முந்தின பயிற்சியில், ஒவ்வொரு வண்டியையும் நான் மூன்று சுற்று ஓட்டிப் பார்க்கிறேன். எனக்கென்று சூட் தைத்துவிட்டேன். வேகமாகப் போவதில்லை. தடத்து ஊழியர்கள் என்னைப் பார்த்தால் கொடியை மெதுவாக ஆட்டிக் கேலி செய்வார்கள். போன மாதம் ஒரு வண்டியை ஓட்டிவிட்டு வந்து, "இது சரியில்ல, இழுக்கறதுல ஒரு தயக்கம் இருக்கு. ஜெட்ட மாத்தணும்" என்றேன். புதிதாகச் சேர்ந்திருக்கிற தண்டையார்பேட்டைப் பெண் தயங்கித் தயங்கி, "இல்லக்கா, எனக்கு இப்பிடித்தான் புட்சிகீது. விட்ருங்களேன்" என்றாள்.

பிளக்கைக் கழற்றிப் பார்த்தேன். நிறம் கொஞ்சம் கறுப்புதான். ஆனால் ஓட்டப்போகிறவள் அவள். பிளக்கைத் திரும்ப மாட்டி, ஜெட் பெட்டியை மூடி வைத்துவிட்டேன். மூன்றாவதாக வந்தாள்.